எலுமிச்சையும் மல்லித்தழையும்

மாணவர் இதழில் இலக்கியம் பற்றி எழுதலாம். விஞ்ஞானம் பற்றி எழுதலாம். சமுதாயம் பற்றி எழுதலாம். சாலட்டின்மேல் ஊற்றும் சாற்றைப் பற்றி எழுத என்ன இருக்கிறது என்று சிலர் கேட்கக்கூடும். நிறைய இருக்கிறது என்பது என் கருத்து. ஊரை விட்டு ஆயிரம் மைலுக்கு அப்பால் படிக்க வந்தவர்கள் நாம். நம் உடல்நலம், நம் கைச்செலவு, வந்த ஊரோடு நாம் கொள்ளும் உறவு, ஆண் வேலை பெண் வேலை என்று நாம் வகுத்து வைத்திருக்கும் வழக்கம் ஆகிய நான்கும் ஒரு சிறு கிண்ணத்தில் வந்து கலக்கின்றன.

டாக்குரியாவிலும் யாதவ்பூரிலும் அறை எடுத்துத் தங்கியிருக்கும் தமிழ் மாணவரின் ஒரு நாள் உணவை எண்ணிப் பாருங்கள். காலையில் பாவ்ருட்டியும் தேநீரும். நண்பகலில் மெஸ் சோறும் பருப்பும் உருளைக்கிழங்கும். இரவில் தெருமுனையில் ஒரு முட்டை ரோல், அல்லது ஒரு தட்டு சௌமீன். நாக்குக்குத் துணை, ஊரிலிருந்து வந்த ஊறுகாய்ப் புட்டி. பச்சைக் காய் என்பது தட்டின் ஓரத்தில் கிடக்கும் இரண்டு வெள்ளரித் துண்டும் ஒரு வெங்காய வளையமுமே. இது வறுமையால் மட்டும் வந்ததன்று; அக்கறையின்மையாலும் வந்தது.

திடீரென்று ஒரு நாள் உடலைப் பற்றிய கவலை பிறக்கிறது. உடனே கைப்பேசியை எடுக்கிறோம். செயலி வழியே ஒரு சாலட் டிரெஸ்ஸிங் புட்டி அறைக்கு வந்துவிடுகிறது. இந்த டிரெஸ்ஸிங்கை நான் மேற்சாறு என்று சொல்லிக்கொள்கிறேன். 'லைட்' என்று புட்டியின் முகத்தில் எழுதியிருக்கிறது. முகத்தைப் பார்க்கும் நாம் முதுகைப் பார்ப்பதில்லை. நம் நாட்டு உணவுப் பாதுகாப்பு விதிப்படி, சேர்பொருள்களை எடை மிகுந்ததிலிருந்து எடை குறைந்தது வரை வரிசையாக அச்சிட வேண்டும். அந்த வரிசையைப் படியுங்கள். பல புட்டிகளில் தண்ணீர், எண்ணெய், சர்க்கரை என்று பட்டியல் தொடங்கும். எலுமிச்சையும் தழையும் கடைசிப் படியில் நிற்கும். தண்ணீருக்கும் சர்க்கரைக்கும் பணம் கொடுத்துவிட்டு எலுமிச்சை வாங்கியதாக எண்ணிக்கொள்வது அறிவுடைமை ஆகுமா?

விஞ்ஞானம் பயிலும் நாம் இதைச் சிறிய செய்தி என்று ஒதுக்குவதற்கில்லை. 1889-இல் இந்த நகரத்துப் பிரெசிடென்சிக் கல்லூரியில் ஆசிரியராகச் சேர்ந்த ஆசாரிய பிரபுல்ல சந்திர ராய், இங்கு விற்ற நெய்யையும் கடுகெண்ணெயையும் தம் ஆய்வுக்கூடத்துக்குக் கொண்டுபோனார். இந்திய உணவுப்பொருள்களில் உள்ள கொழுப்புகளைப் பற்றிய அவர் கட்டுரை 1894-இல் வெளிவந்தது. சந்தையின் எண்ணெய் அவ்வளவு பெரிய வேதியியலறிஞருக்கு ஆராயத் தக்க பொருளாக இருந்தது. நமக்கு ஏன் இருக்கக்கூடாது?

மேற்சாறு என்பது எளிய வேதியியல். எண்ணெயும் புளிப்பும் தாமாகக் கலப்பதில்லை. அடித்துக் கலக்கினால் எண்ணெய் சிறு துளிகளாகச் சிதறும். சற்று நேரத்தில் மீண்டும் கூடி மேலே மிதக்கும். அத்துளிகளைப் பிரித்து நிறுத்த ஓர் இடைத்தரகர் வேண்டும். கடுகு அந்த வேலையைச் செய்கிறது. கடுகுத் தோலிலுள்ள பசைப்பொருள் துளிகளைச் சூழ்ந்து அவை ஒன்றுகூடாமல் காக்கிறது. வங்காளிகளின் காசுந்தி, அரைத்துப் புளிக்கவைத்த கடுகுதானே! அதில் ஒரு தேக்கரண்டி இருந்தால் புட்டிக்காரர் சேர்க்கும் பிசின் எதுவும் வேண்டுவதில்லை. கலவை பால்போல் மங்கினால் சரியாகச் சேர்ந்தது என்று அறியலாம். அந்த மங்கல், துளிகள் ஒளியைச் சிதறடிப்பதால் வருவது. ஒளிச்சிதறலை ஆராய்ந்தே நம் சி. வி. இராமன் 1928-இல் உலகப்புகழ் பெற்றார். அவர் உழைத்த இந்திய விஞ்ஞான வளர்ச்சிக் கழகம் அன்று பௌபஜாரில் இருந்தது. இன்று நமக்கு அருகே யாதவ்பூரில் இருக்கிறது.

செய்முறையைச் சொல்கிறேன். நால்வருக்குப் போதுமான அளவு இது. பாத்தி லேபு என்று இங்கே விற்கும் சாதாரண எலுமிச்சையின் சாறு இரண்டு மேசைக்கரண்டி. அதில் கால் தேக்கரண்டி உப்பையும் ஒரு சிட்டிகைச் சர்க்கரையையும் முதலிலேயே கரைத்துவிட வேண்டும். உப்பு நீரில் கரையும், எண்ணெயில் கரையாது. ஆகையால் இந்த வரிசை மாறக்கூடாது. வேறொரு கிண்ணத்தில் நல்லெண்ணெயோ கடலையெண்ணெயோ இரண்டு மேசைக்கரண்டி எடுத்துக்கொள்க. கந்தராச எலுமிச்சையின் பச்சைத் தோலை மட்டும் மெல்லச் சீவி அந்த எண்ணெயில் போட்டுக் கரண்டியால் அழுத்துக. மணம் சாற்றைவிடத் தோலின் நுண்ணிய பைகளில்தான் மிகுதி. அது எண்ணெயில் எளிதில் கரையும். உள்ளேயுள்ள வெள்ளைப் பகுதி கசக்கும்; கத்தி அதைத் தொடவேண்டாம். பின்பு சாற்றில் காசுந்தியைக் கலந்து, எண்ணெயைச் சிறிது சிறிதாக ஊற்றி முள்கரண்டியால் அடிக்க வேண்டும். மூடியுள்ள பழைய ஜாடி இருந்தால் எல்லாவற்றையும் அதிலிட்டுக் குலுக்கினாலும் போதும். கடைசியில் ஒரு கைப்பிடி கொத்தமல்லித்தழை, ஐந்தாறு புதினா இலை, சிறிது மிளகுத்தூள்.

ஐரோப்பியப் பழைய முறையில் புளிப்பு ஒரு பங்கு, எண்ணெய் மூன்று பங்கு. நம்முடையது சரிபாதி. இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய் ஏறத்தாழ 240 கலோரி. நால்வருக்குப் பங்கிட்டால் தலைக்கு 60. இதைவிட இலேசாக வேண்டும் என்று எண்ணெயை அடியோடு நீக்குபவர் உண்டு. அது சிக்கனம்போலத் தோன்றும், உண்மையில் வீண்செலவு. காரட்டின் கரோட்டினும் தக்காளியின் சிவப்பு நிறப்பொருளும் கொழுப்பின் துணையின்றி உடலில் நன்றாகச் சேர்வதில்லை. காயைத் தின்றும் அதன் பயனை இழப்பானேன்?

மேற்சாற்றைப் பரிமாறுகிற நேரத்தில்தான் காயோடு சேர்க்க வேண்டும். முன்பே ஊற்றினால் உப்பு வெள்ளரியின் நீரை இழுத்துவிடும். தட்டில் குளம் கட்டும். புளிப்பில் நெடுநேரம் ஊறிய தழை பச்சை மாறிப் பழுப்பாகும். இன்னொன்றையும் மறத்தலாகாது. எலுமிச்சைச் சாறு கிருமிகளை எல்லாம் கொன்றுவிடும் என்று நம்புவது தவறு. பச்சையாக உண்ணும் காயையும் தழையையும் குடிக்கத்தக்க தூய நீரில் பலமுறை அலசிய பின்பே நறுக்க வேண்டும். இதில் சோம்பல் கூடாது.

"நமக்கு எதற்கு இந்த வெள்ளைக்காரன் வழக்கம்?" என்று கேட்கும் நண்பர்களும் இருக்கிறார்கள். பாசிப்பருப்பை ஊறவைத்து, வெள்ளரியும் காரட்டும் சேர்த்து, எலுமிச்சை பிழிந்து, கொத்தமல்லி தூவி, கடுகு தாளித்துக் கொட்டும் கோசுமல்லி யாருடைய வழக்கம்? அதிலும் புளிப்பு, எண்ணெய், கடுகு, தழை நான்கும் இருக்கின்றன. நாரத்தை இலையையும் எலுமிச்சை இலையையும் இடித்துச் செய்யும் வேப்பிலைக்கட்டியும் நம்முடையதே. வேப்பிலை இல்லாமலே அந்தப் பெயர் பெற்றது அது! தழையையும் எலுமிச்சை இனத்தையும் சேர்க்கும் கலையைத் தமிழனுக்கு எவரும் கற்பிக்க வேண்டியதில்லை. மறந்ததை நினைவூட்டினால் போதும்.

ஆனால் நினைவோடு நின்றுவிடுவதும் எனக்கு உடன்பாடில்லை. நம்மில் பலர் இந்த நகரில் ஆண்டுக்கணக்காக வாழ்ந்தும், ஊரிலிருந்து வரும் பொட்டலத்தை எதிர்பார்த்தே நாளைக் கழிக்கிறோம். கரியாஹாட் சந்தையில் குவிந்திருக்கும் கந்தராசனின் பெயரைக்கூடக் கேட்டறிவதில்லை. கொந்தோராஜ் என்று அவர்கள் ஒலிக்கும் அப்பெயருக்கு மணத்தின் அரசன் என்பதே பொருள். கடைக்கார அம்மாளிடம் எது இன்று புதிது, எதில் மணம் மிகுதி என்று அரைகுறை வங்காளியில் கேட்டுப் பாருங்கள். மொழியும் வளரும், உறவும் வளரும். நல்லெண்ணெயில் கந்தராசன் தோலைப் போட்டால் தமிழ் கெட்டுவிடாது. வந்த இடத்தின் நல்லதை ஏற்றுத் தன் முறையில் ஆள்பவனே அங்கு நிமிர்ந்து வாழ்கிறான்.

இனி, சொல்லத் தயங்குகிற ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நம் விழாக்களில் ஒலிபெருக்கியின் முன் நிற்பவர் பெரும்பாலும் மாணவர். காய் நறுக்க அழைக்கப்படுபவர் பெரும்பாலும் மாணவியர். மேடையில் சமத்துவம் முழங்கிக்கொண்டிருக்கும்போதே திரைக்குப் பின்னால் வெங்காயம் உரிப்பது யார் என்று எவரும் கேட்பதில்லை. ஆய்வுக்கூடத்தில் ஒரு மில்லிலிட்டர் பிசகாமல் அளக்கத் தெரிந்த இளைஞனுக்கு இரண்டு கரண்டிச் சாறு அளக்கத் தெரியாதா? தெரியும். அது தன் வேலை என்று அவன் எண்ணவில்லை, அவ்வளவுதான். அடுப்புகூட வேண்டாத இந்த வேலையிலிருந்தாவது அவன் தொடங்கட்டும்.

நேரம் இல்லை என்பது எல்லோரும் சொல்லும் காரணம். அதற்கு ஒரு பழைய வரலாறு விடை சொல்லும். 1747-இல் ஜேம்ஸ் லிண்ட் என்ற கப்பல் மருத்துவர், ஸ்கர்வி நோயுற்ற பன்னிரண்டு மாலுமிகளை இருவர் இருவராகப் பிரித்து வெவ்வேறு மருந்து கொடுத்துப் பார்த்தார். ஆரஞ்சும் எலுமிச்சையும் உண்ட இருவரே விரைவில் தேறினர். ஆயினும் பிரிட்டிஷ் கடற்படை எல்லா மாலுமிகளுக்கும் எலுமிச்சைச் சாறு வழங்க முற்பட்டது 1795-இல்தான். அறிந்ததற்கும் செய்ததற்கும் இடையே நாற்பத்தெட்டு ஆண்டுகள்! எத்தனை உயிர்கள் அந்த இடைவெளியில் போயின! நாமும் வைட்டமின் சி பற்றித் தேர்வில் பக்கம் பக்கமாக எழுதுகிறோம். பருப்புச் சோற்றோடு சிறிது எலுமிச்சைச் சாறு சேர்ந்தால் பருப்பிலுள்ள இரும்புச்சத்து உடலில் கூடுதலாகச் சேரும் என்றும் படித்திருக்கிறோம். படித்தது தட்டுக்கு வர இன்னும் எத்தனை ஆண்டு வேண்டும்?

நம் சங்கத்துக்கு ஒரு வேண்டுகோள். வரும் பொங்கல் விழாப் பந்தியில் கோசுமல்லியும், கந்தராச மேற்சாறு கலந்த ஒரு பச்சைக்காய்க் கூட்டும் இடம்பெற வேண்டும். அவற்றைச் செய்யும் பொறுப்பை முதலாண்டு மாணவர் நால்வருக்குக் கொடுங்கள். மாணவியர் நால்வர் அன்று மேடையில் பேசட்டும். ஜாடியும் முள்கரண்டியும் நான் கொண்டுவருகிறேன்.