சாமியும் மைனர், நம் பிள்ளையும் மைனர்: சட்டம் யாரைக் காக்கிறது?

மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயில் மனை ஒன்றை யாரோ விற்று, பத்திரத்தைப் பதியக் கொண்டுபோனால் என்ன நடக்க வேண்டும்? சார்பதிவாளர் மறுக்க வேண்டும். பதிவுச் சட்டத்தில் தமிழ்நாடு தானே சேர்த்துக்கொண்ட 22-ஏ பிரிவு அதைத்தான் சொல்கிறது. அறநிலையத் துறை ஆணையரின் அனுமதி இல்லாமல் கோயில் நிலத்தை விற்றால், 1959 அறநிலையச் சட்டத்தின் 34-ஆவது பிரிவுப்படி விற்பனையே செல்லாது. நிலத்தை மீட்கும் வழக்குக்குக் காலக்கெடுவும் இல்லை என்கிறது 109-ஆவது பிரிவு.

ஏன் இவ்வளவு காவல்? சாமியால் தன் சொத்தைத் தானே பார்த்துக்கொள்ள முடியாது. ஆகவே நீதிமன்றங்கள் சாமியை என்றைக்கும் மைனராகவே கருதுகின்றன. இதில் எங்களுக்கு ஆட்சேபம் இல்லை. பொதுச்சொத்தை எவனும் தின்னக் கூடாது.

இப்போது பசியும் படிப்பும் உள்ள மைனரைப் பார்ப்போம். அதே மயிலாப்பூரில், பக்கிங்காம் கால்வாய் ஓரத்துத் தெருவில் ஒரு வீடு என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்பா இறந்துவிட்டார். உயில் இல்லை. அவர் சம்பாதித்து வாங்கிய அரை கிரவுண்டு மனை இருக்கிறது. இந்து வாரிசுரிமைச் சட்டப்படி அம்மாவுக்கும், ஒவ்வொரு பிள்ளைக்கும், அப்பாவைப் பெற்ற பாட்டிக்கும் சம பங்கு. பிள்ளைக்கு வயது 9. அந்தப் பங்கை அம்மா விற்கலாமா?

1956-இல் வந்த இந்து மைனர் மற்றும் காப்பாளர் சட்டத்தின் 8-ஆவது பிரிவைப் படியுங்கள். பெற்ற தாயோ தகப்பனோ ஆனாலும், நீதிமன்றத்தின் முன் அனுமதி இல்லாமல் மைனரின் நிலத்தை விற்கவோ அடமானம் வைக்கவோ கூடாது. 5 ஆண்டுக்கு மேல் குத்தகைக்கும் விடக் கூடாது. அவசியம் இருந்தால், அல்லது பிள்ளைக்குத் தெளிவான நன்மை இருந்தால் மட்டுமே அனுமதி. கோயில் சட்டமும் ஏறக்குறைய இதையேதான் சொல்கிறது. அதிலும் 5 ஆண்டுக் குத்தகை வரம்பு உண்டு.

மீறினால் என்ன என்ற இடத்தில்தான் இரண்டும் பிரிகின்றன. சாமி நிலத்தின் விற்பனை செல்லாது. பிள்ளை நிலத்தின் விற்பனையோ, அந்தப் பிள்ளை வளர்ந்து எதிர்க்கும்வரை செல்லும். எதிர்க்கவும் கெடு உண்டு. காலவரையறைச் சட்டத்தின் 60-ஆவது இனப்படி 18 வயது நிறைந்த நாளிலிருந்து 3 ஆண்டு. 21-க்குள் கேட்காவிட்டால் மனை போனது போனதுதான். தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2019-இல் உச்ச நீதிமன்றம் இந்தக் கெடுவை உறுதிசெய்தது. 2025 அக்டோபரில், கர்நாடகத்தின் தாவணகெரே மனை வழக்கில், தனியாக வழக்குப் போடாமல் அந்தச் சொத்தைத் தானே வேறொருவருக்கு விற்பது போன்ற தெளிவான நடத்தையாலும் பழைய விற்பனையை மறுக்கலாம் என்றது. நல்ல தீர்ப்பு. ஆனால் கெடு அப்படியே நிற்கிறது.

18-லிருந்து 21 வரை நம் தெருப் பிள்ளை எங்கே இருக்கும்? குடிசையை இடித்து, கண்ணகி நகருக்கோ பெரும்பாக்கத்துக்கோ அனுப்பப்பட்டிருக்கும். முதல் தலைமுறையாகக் கல்லூரிப் படி ஏறியிருக்கும், அல்லது டெலிவரி வண்டி ஓட்டிக்கொண்டிருக்கும். தன் பெயரில் ஒரு பங்கு இருந்ததே அதற்குத் தெரியாது. தி.நகரிலும் அடையாற்றிலும் ஆடிட்டரும் வக்கீலும் கூப்பிடு தூரத்தில் இருக்கும் வீடுகளில், கோர்ட் ஆர்டர் இல்லாமல் மைனர் பங்கில் யாரும் கை வைப்பதில்லை. சட்டம் ஒன்றுதான். அதைப் பயன்படுத்தும் வசதி சாதிப்படிதான் பிரிந்து கிடக்கிறது.

தாயைக் குற்றவாளி ஆக்காதீர்கள். ஆஸ்பத்திரிக் கடனும் கந்துவட்டியும் கழுத்தை நெரிக்கும்போது அவள் கைநாட்டு வைக்கிறாள். புரோக்கருக்குச் சட்டம் தெரியும். பத்திரம் எழுதுபவருக்கும் தெரியும். அதனால்தான் ‘மைனரின் படிப்புக்காகவும் பராமரிப்புக்காகவும்’ என்ற வரி தயாராக இருக்கிறது. வாங்குபவருக்கும் தெரியும், ‘மைனர் பங்கு இருக்கு, வில்லங்கம்’ என்று சொல்லித்தான் விலையை அடிக்கிறார். பிறகு பிள்ளைக்கு 21 ஆகும்வரை காத்திருக்கிறார்.

இது நமக்குப் புதிதல்ல. 1892-இலிருந்து கொடுத்த பஞ்சமி நிலத்தைப் பிற சாதியாருக்கு விற்கக் கூடாது என்று நிபந்தனை இருந்தது. இருந்தும் பத்திரங்கள் பதிவாகின. அதை மீட்கக் கேட்டதற்காக 1994-இல் செங்கல்பட்டில் ஜான் தாமஸும் ஏழுமலையும் துப்பாக்கிச் சூட்டில் உயிர் கொடுத்தார்கள். தடை காகிதத்தில் மட்டும் இருந்தால் நிலம் நிற்காது. பதிவு அலுவலகத்தில் இருக்க வேண்டும்.

ஆகவே கேட்கிறோம். கோயில் நிலத்தைக் காக்கும் 22-ஏ பட்டியலில் மைனர் பங்கையும் சேர்க்க வேண்டும். இதைத் தமிழ்நாடு அரசே செய்யலாம். அனுமதியில்லா விற்பனை ‘செல்லாது’ என்று நாடாளுமன்றம் திருத்த வேண்டும். விபத்து இழப்பீட்டில் மைனரின் தொகையை வங்கியில் போட்டுவைப்பதுபோல, விற்ற பணத்தில் பிள்ளையின் பங்கும் அதன் பெயரில் வங்கியில் இருக்க வேண்டும். அவசரச் செலவுக்கு என்ன வழி என்பார்கள். அனுமதி மனுவை விரைந்து முடிக்கச் சட்டத்திலேயே நாள் குறிக்கட்டும். வக்கீல் இல்லாததற்கான தண்டனை பிள்ளைக்கு வேண்டாம்.

அரசு அசையும்வரை, தோழர்களே, உங்கள் தெருவில் தொடங்குங்கள். வீட்டு மனைக்கு வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். விற்ற தேதியில் பிள்ளைகளின் வயதைக் கணக்கிடுங்கள். விற்றது நீதிமன்றம் நியமிக்காத சித்தப்பாவோ மாமாவோ என்றால், 11-ஆவது பிரிவுப்படி அவருக்கு அதிகாரமே இல்லை. தாயோ தகப்பனோ விற்றிருந்தால் 21 வயதுக் கெடுவைக் குறித்துக்கொள்ளுங்கள். ‘கூட்டுக் குடும்பச் சொத்து’ என்றால் 8-ஆவது பிரிவு பொருந்தாது என்று 1996-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மறுபக்கம் முதலில் அதைத்தான் பிடிக்கும். சொத்து அப்பாவின் சொந்தச் சம்பாத்தியம் என்பதற்கான தாள்களைத் தேடி வையுங்கள். பட்டியல் சாதியினருக்கும் பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் தருவது சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் கடமை. போய்க் கேளுங்கள், அது நம் உரிமை.

இந்து சட்டத் தொகுப்பு மசோதா முடக்கப்பட்டதால் 1951-இல் சட்ட அமைச்சர் பதவியைத் தூக்கி எறிந்தார் அம்பேத்கர். அந்த மசோதாவில் மைனர்களுக்கும் ஒரு பகுதி இருந்தது. அதிலிருந்து பிறந்த சட்டம் சேரிப் பிள்ளைக்கும் வேலை செய்ய வேண்டும். சாமி நிலத்துக்கு ஒரு நீதி, நம் பிள்ளை நிலத்துக்கு ஒரு நீதி என்பதை நாம் ஏற்க முடியாது.