அச்சு முறிந்த தேரும், ஆகாயத்தில் பறந்த சக்திமானும்!

சிவபெருமானின் தேருக்கே ஒரு முறை அச்சு முறிந்தது!

முறிந்த இடம் அச்சரப்பாக்கம். சென்னையில் இருந்து திண்டிவனம் போகும் வழியில், மேல்மருவத்தூரை அடுத்து இருக்கும் ஊர். அச்சு இற்றுப்போன பாக்கம் என்பதால் அச்சிறுபாக்கம் என்று பெயர் வந்தது. அதுவே மக்கள் வாயில் அச்சரப்பாக்கம் ஆயிற்று என்பார்கள்.

கதை பலருக்கும் தெரிந்ததுதான். பறக்கும் கோட்டைகள் மூன்றில் இருந்துகொண்டு அசுரர்கள் அட்டகாசம் செய்தார்கள். அவர்களை அழிக்கச் சிவபெருமான் புறப்பட்டார். பூமியே தேர். சூரியனும் சந்திரனும் சக்கரங்கள். மேருமலை வில். பிரம்மதேவன் சாரதி.

இவ்வளவு இருந்தும் என்ன பயன்? விநாயகரை வணங்க மறந்துவிட்டார்கள். தேர் நகர்ந்ததும் மடாரென்று அச்சு முறிந்தது! பிறகு பிள்ளையாரை வணங்கி, தேரைச் செப்பனிட்டு, திரிபுரத்தை எரித்தார் என்பது புராணம்.

ஞானசம்பந்தர் பாடிய ஆட்சீஸ்வரர் கோவில் அந்த ஊரில் இருக்கிறது. கோவிலைப் பற்றிப் பேசுகிறவர்கள், வெற்றியைச் சொல்வதற்கு முன்னால் அச்சு முறிந்ததைச் சொல்கிறார்கள். அதை அவர்கள் மறைக்கவில்லை. ஊருக்கே அந்தப் பெயரை வைத்துவிட்டார்கள்!

இந்தப் புத்திசாலித்தனம் டெலிவிஷன் வீரர்களைப் படைத்தவர்களுக்கு இருந்ததா? அதுதான் கேள்வி.

யார் இந்த சக்திமான்?

1997-ம் ஆண்டு செப்டம்பர் மாதம் தூர்தர்ஷனில் ஒரு புதிய வீரன் தோன்றினான். பெயர் சக்திமான். பம்பரம்போலச் சுழன்றுகொண்டே வானத்தில் பறப்பான். சாதாரண நேரத்தில் அவன்தான் கங்காதர் என்ற அப்பாவி. பத்திரிகை ஆபீசில் வேலை. பெரிய கண்ணாடி, தூக்கிய பல். ஆபத்து என்றால் போதும், அப்பாவி மறைவான். வீரன் வருவான்!

அயல்நாட்டு வீரர்களுக்கு வேற்றுக் கிரகமும் விஞ்ஞானமும் பலம் தந்தன. சக்திமானுக்குப் பலம் தந்தது யோகமும் தவமும். ஞாயிற்றுக்கிழமை பகல் வேளையில், தெருவில் விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகள் எல்லாம் டெலிவிஷன் இருந்த வீட்டில் கூடிவிடுவார்கள். இந்தி புரியாவிட்டால் என்ன? பறப்பதற்கு மொழி ஏது! பின்னாளில் சக்திமான் தமிழிலும் பேசினான்.

அந்த வேடத்தில் நடித்தவர் முகேஷ் கன்னா. நடித்தவரும் அவரே, தயாரித்தவரும் அவரே. 2005-ம் ஆண்டு வரை அது ஓடியது.

பீஷ்மர் வீழ்ந்தார்

முகேஷ் கன்னா திடீரென்று வானத்தில் இருந்து குதித்தவர் அல்ல. புனா திரைப்படக் கல்லூரியில் படித்தவர். 1981-ல் சினிமாவுக்கு வந்தார். வந்த படங்கள் அவரைத் தூக்கி நிறுத்தவில்லை. 7 ஆண்டுகள் காத்திருந்தார்.

1988-ல் பி.ஆர்.சோப்ராவின் "மகாபாரதம்" தொடங்கியது. அதில் அவருக்குப் பீஷ்மர் வேடம். முப்பது வயது இளைஞர், வெண்தாடி வைத்துக் கிழவராக நின்றார். நாடே அவரைப் பிதாமகர் என்று ஏற்றுக்கொண்டது.

அந்தப் பீஷ்மர் என்ன ஆனார்? அம்புப் படுக்கையில் வீழ்ந்தார்! வெல்ல முடியாத வீரர், உடம்பெல்லாம் அம்பு தைக்கக் கிடந்ததைப் பெரியவர்களும் குழந்தைகளும் பார்த்தார்கள். வீரனுக்கும் வலிக்கும், வீரனும் சாவான் என்று அந்தக் காட்சி சொல்லாமல் சொல்லிற்று.

அதே நடிகர் சக்திமான் ஆனபோது நிலைமை வேறு. சக்திமானும் சோதனைக்கு உள்ளாவான். ஆனால் கடைசியில் எழுந்து பறந்துவிடுவான். பீஷ்மரைப் பார்த்தவர்கள் கண்ணீர் விட்டார்கள். சக்திமானைப் பார்த்த பிள்ளைகளோ கைகளை விரித்துச் சுழன்றார்கள்.

வந்தது விபரீதம்

சுழன்றதோடு நின்றிருந்தால் வேடிக்கையாகப் போயிருக்கும். சில இடங்களில் குழந்தைகள் தங்களையே ஆபத்தில் மாட்டிக்கொண்டு, சக்திமான் வந்து காப்பாற்றுவான் என்று காத்திருந்ததாகப் பத்திரிகைகளில் செய்தி வந்தது. நாடு திடுக்கிட்டது. தொடரை நிறுத்த வேண்டும் என்று குரல்கள் எழுந்தன.

முகேஷ் கன்னா அந்தச் செய்திகளை மறுத்தார். அந்த விபத்துகளுக்கும் தொடருக்கும் சம்பந்தம் இல்லை என்றார். எது எப்படியோ, தொடரின் முடிவில் குழந்தைகளுக்குப் புத்திமதி சொல்லும் பகுதி அதன் தனி அடையாளமாக இருந்தது. பல் துலக்கு, பெரியவர்களை மதி, பொய் சொல்லாதே என்றெல்லாம் சக்திமானே சொன்னான். சக்திமான் செய்வதைப்போல் நீ செய்யாதே என்றும் எச்சரிக்கை வந்தது.

நல்ல காரியம்தான். ஆனால் அந்த எச்சரிக்கையைச் சொன்னது யார்? சக்திமான் அல்லவா! பறந்து வந்தவனே, பறக்க முடியாது என்று சொன்னால் எந்தக் குழந்தை நம்பும்? சொல்ல வேண்டியவன் சக்திமான் அல்ல. உடுப்பைக் கழற்றிவிட்டு, வேர்வையைத் துடைத்துக்கொண்டு, "என்னைக் கயிறு கட்டித் தூக்குகிறார்கள்" என்று முகேஷ் கன்னா சொல்லியிருக்க வேண்டும்.

ஜப்பானில் முறிந்த கால்

ஜப்பான் நாட்டில் நடந்த சம்பவத்தை இங்கே சொல்ல வேண்டும்.

அங்கே 1971-ம் ஆண்டு ஏப்ரல் மாதம் "கேமன் ரைடர்" என்ற டெலிவிஷன் தொடர் தொடங்கியது. வெட்டுக்கிளி முகமூடி போட்ட வீரன், மோட்டார் சைக்கிளில் வந்து கொடியவர்களை உதைப்பான். அந்த வேடத்தில் நடித்தவர் ஹிரோஷி புஜியோகா. அப்போது அவருக்கு வயது 25. முகமூடிக்குள் புகுந்து சண்டை போட்டதும் அவரே.

படப்பிடிப்பில் மோட்டார் சைக்கிள் விபத்து! புஜியோகாவின் தொடை எலும்பு முறிந்தது. ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள்.

தயாரிப்பாளர்கள் கையைப் பிசைந்தார்கள். கதாநாயகனைக் கதையில் சாகடித்துவிடலாமா என்றுகூட யோசனை வந்தது. வேண்டாம், குழந்தைகளின் மனம் உடைந்துவிடும் என்று முடிவு செய்தார்கள். அவன் ஐரோப்பாவுக்குப் போய்க் கொடியவர்களோடு போராடுகிறான் என்று கதை கட்டினார்கள். அவன் இடத்துக்கு இரண்டாவது வீரனாக டகேஷி சசாகி என்ற நடிகர் வந்தார். அவர் கைகளை வீசி உருமாறும் பாணி, ஜப்பானியப் பிள்ளைகளைப் பைத்தியமாக அடித்தது!

ஒருவன் விழுந்தான்; இன்னொருவன் எழுந்தான். அதில் இருந்து ஒரு பரம்பரையே பிறந்தது. கேமன் ரைடர் வேடத்தைத் தலைமுறை தலைமுறையாக வெவ்வேறு நடிகர்கள் ஏற்றார்கள். ஒரு கால் முறிந்ததால் விளைந்த நன்மை இது!

புஜியோகாவும் மூலையில் உட்காரவில்லை. கால் தேறி, 1972-ல் அதே வேடத்துக்குத் திரும்பினார். சினிமாவிலும் நடித்தார். 2016-ல், தம்முடைய 70-வது வயதில், மறுபடியும் அதே வீரனாகத் திரையில் தோன்றினார். தாத்தா வயது நடிகரைப் பார்க்கப் பேரப்பிள்ளைகள் வந்தார்கள். அவர் கால் முறிந்த கதை அங்கே ரகசியம் அல்ல. அதனால் அவர் மதிப்புக் குறையவில்லை, கூடியது.

தமிழ்நாடு கண்ட உண்மை

அவ்வளவு தூரம் போவானேன்? 1959-ம் ஆண்டு, சீர்காழியில் "இன்பக் கனவு" நாடகம். சண்டைக் காட்சியில் குண்டுமணியைத் தூக்கியபோது எம்.ஜி.ஆருக்குக் கால் முறிந்தது. இனி இவர் வாள் பிடிக்க முடியுமா என்று கேட்டவர்கள் உண்டு. அவர் குணமாகி வந்து மறுபடியும் வாள் பிடித்தார்.

1967-ல் குண்டடி பட்டார். குரல் கெட்டது. வேறு ஒருவரைப் பேச வைத்திருக்கலாம். எம்.ஜி.ஆர். தம்முடைய பழுதான குரலிலேயே பேசி நடித்தார். ரசிகர்கள் விலகிப் போனார்களா? இல்லை! முன்னிலும் நெருங்கி வந்தார்கள்.

அடிபடாதவனைப் பார்த்து ஜனங்கள் வியப்பார்கள். அடிபட்டு எழுந்தவனிடமோ அன்பு வைப்பார்கள்.

பெற்றோர் செய்ய வேண்டியது

முகேஷ் கன்னாவின் மேல் பழி போடுவது நியாயம் அல்ல. நம் மண்ணின் யோகத்தை வைத்து ஒரு வீரனைப் படைத்தவர் அவர். குழந்தைகளுக்கு நல்லது சொல்ல வேண்டும் என்ற ஆசை அவருக்கு இருந்தது. இந்தியக் குழந்தைகள் திரைப்படக் கழகத்தின் தலைவராக இருந்து, 2018-ல் அந்தப் பதவியை விட்டு விலகினார். 2020-ல் ஊரடங்கு நேரத்தில் தூர்தர்ஷன் மறுபடியும் சக்திமானை ஒளிபரப்பியபோது, அன்றைய பிள்ளைகள் தங்கள் பிள்ளைகளை மடியில் வைத்துக்கொண்டு பார்த்தார்கள்.

ஆனால் ஒரு குறையைச் சொல்லித்தான் ஆக வேண்டும். பீஷ்மராக வீழ்ந்து காட்டிய நடிகர், சக்திமானாகவும் வீழ்ந்து காட்டியிருக்கலாம். கயிற்றையும், கட்டையும், காயத்தையும் ஒரு வாரமாவது பிள்ளைகளுக்குக் காட்டியிருக்கலாம்.

"குழந்தையின் கற்பனையைக் கெடுக்கலாமா?" என்று சிலர் கேட்பார்கள். கெடாது! பொம்மலாட்டத்தில் கயிறு தெரிகிறது. குழந்தை சிரிக்காமலா இருக்கிறது? தெருக்கூத்தில் ராஜா திரை மறைவில் பீடி பிடிக்கிறார். மேடைக்கு வந்ததும் ராஜாதானே! வேஷம் வேறு, ஆள் வேறு என்று தெரிந்த பிறகும் குழந்தை ரசிக்கும். ஆனால் மாடியில் இருந்து குதிக்காது.

இன்று செல்போனிலேயே ஆயிரம் வீரர்கள் பறக்கிறார்கள். அத்தனை பேரையும் தடுக்க எந்தச் சட்டத்தாலும் முடியாது. ஆனால் குழந்தையின் பக்கத்தில் உட்கார்ந்து, "இவரை எப்படிப் பறக்க வைத்திருப்பார்கள், சொல் பார்க்கலாம்?" என்று ஒரு தகப்பனால் கேட்க முடியும். அப்படிக் கேட்கும் பெரியவர் பக்கத்தில் இருந்தால் குழந்தைக்கு ஆபத்து இல்லை.

அடுத்த முறை திருச்சி சாலையில் அச்சரப்பாக்கத்தைத் தாண்டிப் போகிறவர்கள், வண்டியில் இருக்கும் பிள்ளையிடம் அந்த ஊரின் கதையைச் சொல்லட்டும். ஆண்டவனின் தேருக்கே அச்சு முறிந்தது. அதைச் சரி செய்துகொண்டு போய்த்தான் வென்றார் என்று சொல்லட்டும்.

பிறகு எந்தச் சக்திமான் வந்தாலும் கவலை இல்லை!