பீஷ்மர் பறந்த கதை

வியாசர்பாடி வாசிகளுக்கு ஒரு பெருமை உண்டு. வேதவியாசர் இந்தத் தலத்தில் சில காலம் தங்கியிருந்தார், அதனால்தான் ஊருக்கு இப்பெயர் வந்தது என்று பெரியவர்கள் சொல்லுவார்கள். கோயில் கொண்டிருக்கும் ஈசனுக்கு இரவீசுவரர் என்று திருநாமம். ரவி என்றால் சூரியன் என்பது நேயர்களுக்குத் தெரியும். ரயில் பாதையும் காட்டன் கால்வாயும் லாரிகளும் சூழ்ந்த இந்தப் பேட்டைக்கும் மகாபாரதத்துக்கும் உறவு இருக்கிறது என்றால் வெளியூர்க்காரர்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டும், ஐதிகத்துக்கு நாம் அத்தாட்சி கேட்கப் போவதில்லை. வியாசர் படைத்த ஒரு பாத்திரத்தில் பெயரெடுத்து, பிறகு சூரிய குலத்தின் பெயரால் ஆகாயத்தில் பறந்த ஒரு நடிகரைப் பற்றி இந்த வாரம் எழுதுவதற்கு அது நமக்குக் கொஞ்சம் பாத்தியதை கொடுக்கிறது. அவ்வளவே.

அந்த நடிகர் முகேஷ் கன்னா. பூனாவிலுள்ள திரைப்படக் கல்லூரியில் பயின்றவர். சினிமாவில் அதிர்ஷ்டத்தைச் சோதித்தபோது லட்சுமி கடாட்சம் உடனே கிட்டிவிடவில்லை. பிறகு பி. ஆர். சோப்ரா டெலிவிஷனுக்காக மகாபாரதத்தைத் தயாரித்தார். 1988-ஆம் வருஷம் அக்டோபர் 2-ந் தேதி தொடங்கி 1990 ஜூன் 24-ந் தேதி வரையில், 94 வாரக் கதையாக அது தூர்தர்ஷனில் வந்தது. ஞாயிற்றுக்கிழமை காலையில் தேசமெங்கும் வீதிகள் வெறிச்சோடிப் போயின. அதற்கு வசனம் எழுதியவர் ராஹி மாஸூம் ரஸா என்ற முஸ்லிம் கவிஞர் என்பதை இன்றைய இளைஞர்களுக்கு ஒரு முறை ஞாபகப்படுத்துவது நல்லது. அதில் பீஷ்ம பிதாமகராக வந்தவர்தாம் கன்னா. வெண்தாடியும் கனத்த குரலும் அம்புப் படுக்கையுமாக அவர் ஜனங்களின் மனத்தில் பதிந்துவிட்டார். அதன் பிறகு பீஷ்மர் என்றதும் வேறு முகம் நினைவுக்கு வருவது சிரமமாயிற்று.

ஒரு நடிகனுக்கு இதைக் காட்டிலும் பெரிய வரமும் இல்லை. இதைக் காட்டிலும் பெரிய சாபமும் இல்லை. அமெரிக்காவில் 1952 முதல் 1958 வரையில் சூப்பர்மேனாகப் பறந்த ஜார்ஜ் ரீவ்ஸ் என்பவரின் கதையைப் பாருங்கள். அந்த வேஷத்தை அவர் கழற்றினாலும் ஜனங்கள் கழற்ற விடவில்லை. வேறு வேஷத்தில் அவரை ஏற்றுக்கொள்வதே கஷ்டமாகிவிட்டது. ஜப்பானில் 1971-இல் "காமென் ரைடர்" என்ற முகமூடி வீரனாக வந்த புஜியோகா ஹிரோஷியின் சங்கடம் வேறு மாதிரி. தொடர் தொடங்கிய கொஞ்ச காலத்துக்குள், படப்பிடிப்பில் மோட்டார் சைக்கிள் விபத்து நேர்ந்து அவருடைய கால் முறிந்தது. வீரன் ஆஸ்பத்திரியில் படுத்துவிட்டான். கதை நிற்கக் கூடாதே! முன்பே எடுத்து வைத்திருந்த படங்களைக் கொண்டு சமாளித்தார்கள். பிறகு இரண்டாவதாக ஒரு வீரனைச் சிருஷ்டித்து, வேறொரு நடிகரைக் கொண்டுவந்தார்கள். புஜியோகா குணமாகித் திரும்பியபோது ஒருவருக்கு இருவராக வீரர்கள் இருந்தார்கள். திரையில் எவராலும் வெல்ல முடியாதவனுக்கும் எலும்பு உண்டு, அது முறியும் என்பதற்கு வேறு சாட்சி வேண்டியதில்லை.

கன்னாவின் கதைக்கு வருவோம். மேல்நாட்டுச் சூப்பர்மேனைப் பார்த்துப் பார்த்து நம் குழந்தைகள் வளருவானேன், நமக்கென்று ஒரு சுதேசி வீரன் வேண்டாமா என்று அவர் நினைத்தார். சொந்தமாகவே ஒரு தொடரைத் தயாரிக்கத் துணிந்தார். தினகர் ஜானி என்பவர் டைரக்ட் செய்தார். 1997 செப்டம்பர் 13-ந் தேதி "சக்திமான்" தூர்தர்ஷனில் முதன்முதலாக வந்தது. 2005 மார்ச்சு 27-ந் தேதி வரையில், நடுவில் தடங்கல்கள் இருந்தபோதிலும், நானூறுக்கு மேற்பட்ட பகுதிகள் ஒளிபரப்பாயின. தூர்தர்ஷனுக்குக் கட்ட வேண்டிய தொகை வருஷா வருஷம் ஏறிக்கொண்டே போனதுதான் அதை நிறுத்தக் காரணம் என்று அவர் பிற்பாடு சொல்லியிருக்கிறார். ஆக, அசுரர்களை வென்றவரைக் கடைசியில் வென்றது கட்டணமாகும்!

சக்திமானுக்குப் பலம் வெளிக்கிரகத்திலிருந்து வரவில்லை. யோக சாதனையால் குண்டலினியை எழுப்பிப் பஞ்ச பூதங்களின் ஆற்றலைப் பெற்றவன் அவன். அவனுக்கு அந்தப் பொறுப்பைக் கொடுத்தவர்கள் சூரியாம்சிகள் என்ற முனிவர் கூட்டத்தார். சாதாரண வேளைகளில் அவனே கங்காதர சாஸ்திரி என்ற அசட்டுப் பத்திரிகைப் புகைப்படக்காரன்; துருத்திய பல்லும் தடித்த மூக்குக் கண்ணாடியும் உடையவன். இரண்டு வேஷமும் கன்னாவுக்கே. இருளின் அரசனான கில்விஷாக எதிர்த்து நின்றவர் சுரேந்திர பால். அவர்தாம் முன்பு மகாபாரதத்தில் துரோணாசாரியர்! குருக்ஷேத்திரத்தில் ஒரே கட்சியில் நின்ற பீஷ்மரும் துரோணரும் இங்கே எதிரெதிராக நின்றதைப் பார்த்து வியாசரே புன்னகை செய்திருப்பார்.

ஆனால் பீஷ்மருக்கும் சக்திமானுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பற்றித்தான் நாம் முக்கியமாகச் சொல்ல வேண்டும். பீஷ்மருக்கு இல்லாத பலம் இல்லை. விரும்பும்போது மரணம் என்ற வரம் வேறு. இருந்தும், சபையில் திரௌபதி முறையிட்டுக் கதறியபோது அவர் தர்மத்தின் சூட்சுமம் பேசிக்கொண்டு ஆசனத்தில் அமர்ந்திருந்தார். சக்திமானோ கூப்பிட்ட குரலுக்கு வந்து நின்றான். நாடறிந்த பிதாமகர் செய்யாததை இவன் செய்தான் என்பதே குழந்தைகளின் உள்ளத்தை அவன் கொள்ளைகொண்டதற்குக் காரணம் என்று நாம் கருதுகிறோம். குழந்தைக்குத் தத்துவம் வேண்டியதில்லை. அழுதால் யாராவது வரவேண்டும்.

வியாசர்பாடியில் அந்த ஆசைக்கு ஒரு விசேஷ அர்த்தம் இருந்தது. சக்திமான் பறக்கத் தொடங்கியதற்கு முந்திய வருஷம், 1996-இல், பெரம்பூர் பி. அண்டு ஸி. மில் ஒரேயடியாக மூடப்பட்டது. நூறு வருஷத்துக்கு மேல் பெரம்பூரையும் புளியந்தோப்பையும் வியாசர்பாடியையும் தாங்கி நின்ற ஆலை அது. பாட்டனார் வேலை பார்த்த இடத்தில் தகப்பனார், தகப்பனார் இடத்தில் பிள்ளை என்று நடந்து வந்தது. சங்கு ஊதுவது நின்றதும், ஷிப்டுக்குப் போயிருக்க வேண்டிய தகப்பனார் திண்ணையில் உட்கார்ந்தார். அத்தகைய வீட்டுக் குழந்தை டெலிவிஷன் பெட்டியின் முன்னால் உட்கார்ந்தபோது, கூப்பிட்டவுடன் வரும் ஒருவனை அது எவ்வளவு நம்பியிருக்கும் என்பதை நேயர்களே யோசித்துப் பாருங்கள்.

நம்பிக்கை எல்லை மீறியதும் விபரீதம் வந்தது. சக்திமான் வந்து காப்பாற்றுவான் என்று எண்ணிச் சில குழந்தைகள் உயரத்திலிருந்து குதித்ததாகவும் தீயில் காயம் பட்டதாகவும் தேசத்தின் பல பாகங்களிலிருந்து செய்திகள் வந்தன. அவற்றில் சில உண்மையல்லவென்று கன்னா மறுத்ததும் உண்டு. செய்திகளின் எண்ணிக்கையில் தகராறு இருக்கலாம். அபாயத்தில் தகராறு இல்லை. தொடரைத் தடை செய்ய வேண்டும் என்று கூக்குரல் எழுந்தது.

அப்போது அவர் நடந்துகொண்ட விதம்தான் அவருடைய வாழ்க்கையிலேயே நமக்கு மிகவும் பிடித்த அம்சம். கதை முடிந்தவுடன் சிறிது நேரம் சக்திமான் உடையிலேயே குழந்தைகளோடு பேசினார். பல் துலக்கு, பொய் சொல்லாதே, பெரியவர்கள் சொல் கேள் என்பவை போன்ற சிறிய விஷயங்கள். தவறு செய்த குழந்தை அவரிடம் மன்னிப்புக் கேட்கும். அந்தச் சந்தர்ப்பத்திலேயே, தாம் செய்வது போல் யாரும் செய்து பார்க்கக் கூடாது என்றும் எச்சரித்தார். யோசித்தால் இது லேசான காரியமல்ல. அரை மணி நேரம் பாடுபட்டுக் கட்டிய மாயக் கோட்டையைத் தம் கையாலேயே இடிக்க வேண்டும். எந்த வியாபாரியும் தன் சரக்கைப் பற்றி இவ்விதம் பேசமாட்டான்.

ஆயினும் ஒரு கேள்வி மிஞ்சுகிறது. சக்திமான் வாயால் சொன்னால்தானா குழந்தை கேட்க வேண்டும்? அதே கூடத்தில், அதே பாயில், தகப்பனாரும் தாயாரும் பாட்டியும் உட்கார்ந்திருந்தார்களே, அவர்கள் என்ன செய்தார்கள்? "குழந்தை சத்தமில்லாமல் இருக்கிறது" என்று திருப்தியடைந்து வாளாவிருந்தார்கள். பீஷ்மர் செய்ததும் அதுதானே?

நீலத் திரைக்கோ பச்சைத் திரைக்கோ முன்னால் நடிகரை நிறுத்திப் படம் பிடிக்கிறார்கள். திரையின் நிறம் தெரியும் இடத்திலெல்லாம் பிறகு ஆகாயத்தை வைத்து ஒட்டுகிறார்கள். கம்பியில் கட்டித் தூக்குவதும் உண்டு. கம்பி தெரியாமல் அழித்துவிடுகிறார்கள். எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு இதை நாம் விளக்கிச் சொன்னபோது அவர்களுடைய உற்சாகம் குறையவில்லை, கூடியது. "அப்படியானால் நாமும் எடுக்கலாமே, ஸார்!" என்றான் ஒருவன். ரகசியம் தெரிந்தால் ரசனை கெட்டுவிடும் என்று பயப்படுகிற பெற்றோர்கள் இதைக் கவனிக்க வேண்டும். ரகசியம் தெரிந்த பிள்ளை மாடியிலிருந்து குதிக்கமாட்டான். கையில் காமிராவை எடுப்பான்.

கன்னா "சந்திரகாந்தா"விலும் நடித்தார். 2002-இல் "ஆர்யமான்" என்ற அண்டவெளி வீரனாகவும் வந்தார். குழந்தைகள் திரைப்படச் சங்கத்தின் தலைவர் பதவி வகித்து 2018-இல் விலகினார். 2020-இல் நோய் பரவித் தேசம் கதவடைத்துக் கிடந்தபோது தூர்தர்ஷன் மகாபாரதத்தையும் சக்திமானையும் மறுபடி ஒளிபரப்பியது. முன்பு குழந்தைகளாய்ப் பார்த்தவர்கள் இப்போது தங்கள் குழந்தைகளை மடியில் வைத்துக்கொண்டு பார்த்தார்கள். பாத்திரத்துக்கு வயதாகவில்லை, பார்ப்பவர்களுக்கு வயதாகியிருந்தது. முன்பு நம் பெரியவர்கள் சொல்லாமல் விட்டதை நம் பிள்ளைகளுக்குச் சொல்ல இதைவிட நல்ல தருணம் ஏது?

என்ன சொல்வது? கூப்பிட்டால் வருகிறவர்கள் உண்டு. ஆனால் அவர்கள் பறந்து வருவதில்லை என்று சொல்ல வேண்டும். 2015 டிசம்பரில் சென்னை வெள்ளத்தில் மூழ்கியபோது, கடற்கரைக் குப்பங்களிலிருந்து மீனவர்கள் தங்கள் படகுகளைக் கொண்டுவந்து தெருத் தெருவாக ஜனங்களை ஏற்றிச் சென்றார்கள். அவர்களுக்குச் செந்நிற உடுப்பு இல்லை. மார்பில் பொற்சின்னம் இல்லை. அவர்கள் எந்த யோகமும் பயிலவில்லை. துடுப்புப் பிடிக்கத் தெரியும். யாராவது கூப்பிட்டால் காதில் விழும். அந்த இரண்டும் பழக்கத்தால் வருபவை. நம் பிள்ளைகளுக்கும் வரும்.

சக்திமானைக் குழந்தைகள் பார்க்கட்டும், நன்றாக ரசிக்கட்டும். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பெரியவர்கள் மட்டும் பீஷ்மராக இருக்க வேண்டாம்.