மீளாத ஈடு

ஊரிலே காணியை ஈடு வைத்தவர், அதனை மீட்கும் நாள்வரை நிம்மதியாக உறங்கியதில்லை. சுவிற்சர்லாந்தின் வழக்கமோ வேறு. ஈட்டை முழுவதும் மீட்கும்படி வங்கிகள் இங்கு கேட்பதில்லை.

900,000 பிராங் விலையுள்ள வீடொன்றை எடுத்துக்கொள்வோம். ஐந்தில் ஒரு பங்காகிய 180,000 எமது கைப்பணம். எஞ்சிய 720,000 கடன். அதில் 120,000ஐ 15 ஆண்டுகளுக்குள் கட்டி, கடனை விலையின் மூன்றில் இரண்டு பங்காகக் குறைத்தல் வேண்டும். மீதி 600,000 அப்படியே நிற்கலாம். 2 வீத வட்டியெனினும் அதற்கு ஆண்டுக்கு 12,000. முப்பது ஆண்டுகளில் 360,000. அத்தனையும் கட்டிய பின்னரும் முதலில் ஒரு சதமேனும் குறைந்திராது. வட்டி 5 வீதமாயின் ஆண்டுக்கு 30,000. 1990களின் தொடக்கத்தில் அது 7 வீதத்தை எட்டியதையும் நாம் மறத்தலாகாது.

கைப்பணத்தின் ஒரு பகுதியை ஓய்வூதிய நிதியிலிருந்து எடுக்க 1995 முதல் சட்டம் இடமளிக்கின்றது. எடுத்தால் முதுமையில் ஓய்வூதியம் குறையும், வட்டியோ குறையாது.

வீடு வாங்குவதை நாம் தடுக்கவில்லை. கையொப்பமிடுமுன் கணவனும் மனைவியும் ஒன்றாயிருந்து கணக்குப் பாருங்கள். வேலை ஓய்ந்த பின் இவ்வட்டியைக் கட்டப்போவது யார்? நாமா, நம் பிள்ளைகளா?