குச்சி நமத்துப் போச்சா பாஸ்?

செமஸ்டர் லீவுக்கு வட்டக்கானல்ல இருந்து வெள்ளகவிக்கு இறங்கப் போறீங்களா? ஷூ, ஜெர்கின் எல்லாம் ரெடி. தீப்பெட்டி? 'ரெண்டு ரூபா சமாச்சாரம்'னு பாக்கெட்ல போட்டீங்கன்னா, மழையில நமத்துடும்.

காரணம் சிம்பிள். குச்சி தலையில பொட்டாசியம் குளோரேட், உரசுற பட்டையில சிவப்பு பாஸ்பரஸ். ரெண்டையும் பிடிச்சு வைக்கிறது பசை. ஈரத்துல அது இளகிடும். குச்சியையாவது காய வைக்கலாம், பட்டை போனா போனதுதான்!

மூடி திருகுற மாத்திரை டப்பா போதும். அப்பாவோட பழைய ஃபிலிம் ரோல் டப்பா கிடைச்சா சூப்பர். பட்டையை வெட்டி, தனியா கவர்ல சுத்தி வைங்க. குலுங்குறப்ப குச்சி அதுல உரசக் கூடாது. தெர்மோடைனமிக்ஸ்ல அரியர் வெச்சவங்களுக்கும் புரியுற மேட்டர் ஒண்ணு: பெரியகுளம் புழுக்கத்துல மூடின டப்பா, மலைக்குளிர்ல உள்ளேயே வேர்க்கும். புது ஷூ பெட்டியில வர்ற சிலிக்கா ஜெல் பொட்டலத்தை உள்ளே போட்டுடுங்க. டெஸ்ட்? டிஷ்யூ பேப்பரை வெச்சு மூடி, ஹாஸ்டல் பக்கெட்டுல ராத்திரி முழுக்க முக்கி வைங்க.

சரி, எங்கே கொளுத்தப் போறீங்க? 2018 மார்ச் 11, குரங்கணி. காட்டுத்தீயில சிக்கின ட்ரெக்கிங் குரூப்ல 20 பேருக்கும் மேல இறந்தாங்க. அதுவும் இதே தேனிப் பக்கம்தான். காய்ஞ்ச புல்லுக்கு ஒரு குச்சி போதும். அதனால காட்டுக்குள்ள டப்பாவைத் திறக்கவே வேணாம். ஊருக்குள்ள போய், கேட்டுட்டு, அவங்க அடுப்புல டீ போட்டுக்குங்க. வெள்ளகவியில யாரும் செருப்பு போட மாட்டாங்க, ஷூவைக் கழட்டிக் கையில எடுத்துக்குங்க.