வரைபடம் யாருக்குச் சொந்தம்?

“செத்துவிட்டது, இனி இதில் செய்வதற்கு ஒன்றுமில்லை. மதர்போர்டையே மாற்ற வேண்டும். 18,000 ரூபாய் ஆகும்.”

நம் தோழர் ஒருவரின் மகள், முதுகலை இரண்டாம் ஆண்டு பயிலும் பெண், தன் மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு, அதனைச் செய்து விற்ற கம்பெனியாரின் அங்கீகாரம் பெற்ற பழுதுநீக்கும் நிலையத்துக்குச் சென்றபோது கிடைத்த தீர்ப்பு இது. குளிரூட்டிய அறை, கழுத்தில் அட்டை தொங்கும் இளைஞர், புன்னகை, அதன் பிறகு தீர்ப்பு! இயந்திரத்தைத் திறந்து பார்த்தார்களா? இல்லை. எங்கே மின்சாரம் நிற்கிறது என்று அளந்தார்களா? அதுவும் இல்லை. பொத்தானை அமுக்கினார்கள்; விளக்கு எரியவில்லை. வேறொரு சார்ஜரைச் செருகினார்கள், அப்போதும் எரியவில்லை. விசாரணை முடிந்தது!

மூன்றாண்டுகளுக்கு முன் 38,000 ரூபாய்க்குத் தவணையில் வாங்கிய பொருள் அது. கடைசித் தவணை கட்டி நான்கு மாதம் ஆகவில்லை. பணம் மட்டுமா போகிறது? அந்த இயந்திரத்தில் சேமிப்புச் சில்லு தாய்ப்பலகையிலேயே பற்றவைக்கப்பட்டிருக்கிறது. பலகை போனால் அதுவும் போகும். அதிலே அந்தப் பெண் எழுதி வைத்திருந்த ஆய்வேட்டின் நான்கு அத்தியாயங்களும் போகும். “நகல் எடுத்து வைத்திருக்க வேண்டாமா?” என்று கேட்பது எளிது. கேட்டார்கள், கேட்டுவிட்டு ரசீதை நீட்டினார்கள்.

தோழர் விடவில்லை. மகளை அழைத்துக்கொண்டு சென்னை அண்ணா சாலையை ஒட்டிய ரிச்சித் தெருவுக்குப் புறப்பட்டார். நானும் உடன் சென்றேன். அங்கே நான் கண்டதைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன். அரசியல் கட்டுரையில் டிரான்சிஸ்டருக்கு என்ன வேலை என்று எண்ணும் தோழர்கள் பொறுத்தருள வேண்டும். அரசியல் அந்த இடத்தில்தான் ஒளிந்து கிடக்கிறது.

மாடிப்படிக்குக் கீழே, இருவர் நின்றால் மூன்றாமவர் வெளியே நிற்கவேண்டிய ஒரு கடை. கைவினைஞருக்கு நாற்பது வயதிருக்கும். பத்தாம் வகுப்போடு பள்ளியை விட்டவர். முதற்காரியமாக மின்கலத்தைக் கழற்றினார். பொத்தானை அரை நிமிடம் அமுக்கிப் பிடித்தார். பலகையில் எஞ்சி நிற்கும் மின்னூட்டம் சில வேளை இயந்திரத்தைத் திகைக்க வைத்துவிடுமாம். அது வடிந்தால் தானே எழுந்து கொள்ளும். எழவில்லை. சார்ஜரை அளந்தார், 19 வோல்ட் சரியாக வந்தது. பிறகு, மின்னோட்டத்தைக் காட்டும் வழங்கியை இணைத்துப் பொத்தானை அமுக்கினார். 0.02 ஆம்பியர்! அதற்குமேல் எண் ஏறவில்லை.

“உயிர் இருக்குது அண்ணே. உள்ளே விடமாட்டேங்குது,” என்றார்.

அந்த ஒரு வாக்கியத்தில் இருந்த விஞ்ஞானம் குளிரூட்டிய அறையில் இல்லை! சார்ஜர் செருகும் துளையைத் தாண்டியவுடன் இரண்டு டிரான்சிஸ்டர்கள் வாயில்காப்போர் போல் நிற்கின்றன. உள்ளே பிரதான மின்வழியில் எங்கேனும் ‘ஷார்ட்’ இருந்தால், காவலுக்குப் பொறுப்பான சில்லு அவற்றைத் திறக்க அனுமதிப்பதில்லை. திறந்தால் பலகை எரியும். எரியாமல் இயந்திரம் தன்னைத்தானே காத்துக்கொண்டிருக்கிறது. காப்பாற்றிக்கொண்டு கிடந்ததைத்தான் பிணம் என்றார்கள்!

மல்டிமீட்டரின் ஒரு முனையைப் பூமித்தடத்திலும் மறுமுனையைப் பிரதான வழியிலும் வைத்தார். நல்ல பலகையில் ஆயிரக்கணக்கான ஓம் தடை காட்ட வேண்டிய இடம், 0.4 ஓம் காட்டிற்று. அந்த வழி நெடுக அரிசிக் குருணை அளவில் முப்பதுக்கு மேற்பட்ட பீங்கான் கெப்பாசிட்டர்கள். மெல்லிய பீங்கான் ஏடுகளையும் உலோக ஏடுகளையும் மாற்றி மாற்றி அடுக்கிச் செய்த பொருள் அது. பலகை சற்று வளைந்தாலும், கீழே விழுந்தாலும், அந்த அடுக்கில் விரிசல் காணும். விரிசலில் உலோகம் உலோகத்தைத் தொட்டால் முழு இயந்திரமும் படுத்துவிடும். முப்பதில் எது? ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் பார்ப்பது அறியாதார் செயல். இவர் ரோசின் பிசினைச் சூட்டுக்கோலில் வைத்துப் புகைய விட்டார். பலகையின்மேல் வெண்படலம் படிந்தது. பின்னர் பிரதான வழியில் வெறும் 1 வோல்ட்டைச் செலுத்தினார். ஏன் 19 செலுத்தவில்லை? ஷார்ட் எந்தப் பக்கம் இருக்கிறது என்று தெரியாமல் 19 வோல்ட்டை விட்டால், அது பழுதான டிரான்சிஸ்டர் வழியே ஏறக்குறைய 1 வோல்ட்டில் இயங்கும் மூளைச் சில்லுக்குள் பாய்ந்துவிடும். அப்புறம் உண்மையிலேயே பிணம்தான். சில விநாடிகளில் ஓர் இடத்தில் மட்டும் வெண்மை உருகிக் கண்ணாடியாயிற்று. குற்றவாளி அகப்பட்டான்!

சூடான காற்றால் அதைக் கழற்றினார். தடை ஏறிற்று. பழைய பலகையொன்றிலிருந்து அதே மதிப்புள்ள கெப்பாசிட்டரை எடுத்துப் பற்றவைத்தார். பொத்தானை அமுக்கினார். விசிறி சுழன்றது, திரை ஒளிர்ந்தது, நான்கு அத்தியாயங்களும் இருந்தன. புதிதாக வாங்கினாலும் ஓரிரு ரூபாய்க்கு மேல் போகாத பொருள் அது. கூலி 1,500 ரூபாய் என்றார். தோழர் பேரம் பேசவில்லை.

இனி, நான் இந்தக் கட்டுரையை எழுதக் காரணமான விஷயத்துக்கு வருகிறேன். வேலை நடந்துகொண்டிருந்தபோது கைவினைஞர் அடிக்கடி ஒரு திரையைத் திரும்பிப் பார்த்தார். அதில் அந்தப் பலகையின் சுற்று வரைபடம்: எந்தத் தடம் எங்கே போகிறது, எந்த முனையில் எத்தனை வோல்ட் இருக்க வேண்டும் என்ற விவரம் முழுதும். “இது கம்பெனி கொடுத்ததா?” என்று கேட்டேன். குரலைத் தாழ்த்தினார். “கம்பெனி குடுக்குமா அண்ணே? வாங்கினதுதான். எங்கேன்னு மட்டும் கேட்காதீங்க.”

தோழர்களே, இது எத்தகைய நிலைமை! பொய் சொல்லிப் பலகையை மாற்றச் சொன்னவர் தலை நிமிர்ந்து அமர்ந்திருக்கிறார். உண்மையைக் கண்டுபிடித்துப் பழுது நீக்கியவர் திருடனைப்போலக் குரலைத் தாழ்த்துகிறார். அவருடைய கூலி நேர்மையான கூலி. அவர் அறிவு உழைத்துப் பெற்ற அறிவு. ஆயினும் அந்த அறிவுக்குத் துணையாகும் காகிதத்தை அவர் இருட்டுச் சந்தையில் வாங்க வேண்டியிருக்கிறது.

எப்போதும் இப்படித்தான் இருந்ததா? இல்லை! வால்வு ரேடியோக்கள் இருந்த நாளில் பெட்டியின் பின்மூடியிலோ உள்பக்கத்திலோ சுற்றுப்படத்தை ஒட்டியே விற்றவர்கள் உண்டு. 1981-இல் ஐ.பி.எம். கம்பெனி தன் பெர்சனல் கம்ப்யூட்டரை வெளியிட்டபோது, அதன் தொழில்நுட்பக் கையேட்டில் முழுச் சுற்று வரைபடத்தையும், இயந்திரம் எழுந்தவுடன் ஓடும் ‘பயாஸ்’ நிரலின் மூலவரிகளையும் அச்சிட்டு எவர் வேண்டுமாயினும் வாங்கலாம் என்று விற்றது. ஐ.பி.எம். தர்ம ஸ்தாபனமா? அல்ல, பெரு முதலாளிதான். “அதனால்தான் அதைப் போலவே செய்யும் போட்டியாளர் பெருகினர்” என்று சிலர் சொல்லக்கூடும். பெருகினர், விலை இறங்கிற்று, கணினி நம்மவர் வீட்டுக்கும் வந்தது. இதில் அழுவதற்கு என்ன இருக்கிறது?

இன்று, “வியாபார ரகசியம்” என்கிறார்கள். எது ரகசியம்? கோடிக்கணக்கான டிரான்சிஸ்டர்களை அடக்கிய சில்லின் உட்புறம் ரகசியமாக இருக்கட்டும். அதை யாரும் கேட்கவில்லை. சில்லுக்கும் சில்லுக்கும் இடையே ஓடும் கம்பிகளின் படத்தைத்தான் கேட்கிறோம். போட்டிக் கம்பெனிக்கு அது தேவையென்றால், ஒரு மடிக்கணினியை விலைக்கு வாங்கி, எக்ஸ்ரே கருவியில் வைத்துத் தடந்தடமாக வரைந்து கொள்வான். அவனிடம் கருவி உண்டு, ஆளும் உண்டு. ஆகவே இந்த ரகசியம் போட்டியாளனிடமிருந்து காக்கப்படவில்லை. மாடிப்படிக்குக் கீழே இருப்பவரிடமிருந்து காக்கப்படுகிறது! ஜெர்மனியின் பெர்லின் நகரில் எம்.என்.டி. என்னும் சிறு நிறுவனம் தன் ‘ரிஃபார்ம்’ மடிக்கணினியின் வரைபடங்களை உலகறிய வெளியிட்டுவிட்டே விற்கிறது. முடியாது என்பார்க்கு இது போதும்.

“ஆபத்து” என்பது அடுத்த வாதம். லித்தியம் மின்கலம் தீப்பற்றும் என்கிறார்கள். உண்மை, தவறாகக் கையாண்டால் பற்றும். அதற்கு மருந்து, எப்படிக் கையாள வேண்டும் என்று சொல்லிக் கொடுப்பதா, சொல்லாமல் மறைப்பதா?

நம் பக்கத்துக் குறையையும் மறைக்கப் போவதில்லை. எல்லாக் கடையிலும் இப்படிப்பட்ட கைவினைஞர் அமர்ந்திருக்கவில்லை. அளந்து பாராமல் சில்லைச் சூடேற்றி, அப்போதைக்கு எழுப்பிக் காட்டிப் பணத்தை வாங்கிக்கொள்வோர் உண்டு. அந்த இயந்திரம் சில வாரத்தில் மீண்டும் படுக்கும். நல்ல உதிரியைக் கழற்றிக்கொண்டு கெட்டதை வைப்போரும் உண்டு. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள்: படம் இல்லாதவன் ஊகிக்கிறான், ஊகிக்கிறவன் சூடேற்றுகிறான். வரைபடமும் பயிற்சியும் பகிரங்கமாகக் கிடைத்தால் இந்தப் பித்தலாட்டத்துக்கும் இடம் குறையும்.

உலகில் சட்டங்கள் வரத் தொடங்கிவிட்டன. அமெரிக்காவில் நியூயார்க் மாநிலம் 2022 டிசம்பரில் மின்னணுப் பொருள்களுக்கென ஒரு பழுதுநீக்கும் உரிமைச் சட்டத்தை இயற்றியது. கையெழுத்தாகும் நேரத்தில் அதிலே ஒரு திருத்தம் நுழைந்தது. தனிப் பொருத்துதல் ஆபத்து விளைவிக்கக்கூடும் என்றால், தனித்தனி உதிரிக்குப் பதிலாக உதிரிகள் சேர்ந்த முழுத் தொகுதியையே கம்பெனியார் கொடுக்கலாம் என்பது அது. கெப்பாசிட்டர் கேட்டவனிடம் பலகையை நீட்டும் கதைக்குச் சட்டத்திலேயே வழி! நம் நாட்டில் மத்திய நுகர்வோர் விவகாரத் துறை 2022 ஜூலையில் ஒரு குழு அமைத்தது. அவ்வாண்டு டிசம்பரில் ஓர் இணையதளமும் திறந்தது. எவ்வளவு எளிதில் பழுது நீக்கலாம் என்பதற்குப் பொருள்தோறும் மதிப்பெண் குறிக்க வேண்டுமென்று வேறொரு குழு 2025 மே மாதம் அறிக்கை தந்தது. அதிலும் முதலிடம் செல்பேசிக்கும் கைக்கணினிக்குமே. முகவரியும் மதிப்பெண்ணும் நல்லவைதான். வேண்டாமென்று யார் சொன்னார்? ஆனால் ரிச்சித் தெருவில் குரலைத் தாழ்த்துகிறவருக்கு வேண்டியது மதிப்பெண் அல்ல, படம்.

கழிவின் கணக்கு வேறு இருக்கிறது. ஐக்கிய நாடுகள் அமைப்புகள் 2024-இல் வெளியிட்ட அறிக்கைப்படி, 2022-இல் மட்டும் உலகில் குவிந்த மின்னணுக் கழிவு 6 கோடியே 20 லட்சம் டன். முறைப்படி திரட்டி மறுசுழற்சிக்கு அனுப்பியதாகக் கணக்கில் ஏறியது 22.3 விழுக்காடு. எஞ்சியவற்றில் ஒரு பகுதி எங்கெங்கோ ஏழைகளின் கையில் அமிலத்தில் கரைந்து, புகையாகி அவர்கள் நுரையீரலுக்குள் போகிறது.

சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை என்பதே என் கருத்து. தமிழகத்தில் 2011 முதல் அரசே லட்சக்கணக்கான மாணவர்க்கு மடிக்கணினி வாங்கித் தந்தது. 2025 மார்ச் மாத வரவுசெலவுத் திட்டத்தில் இரண்டு ஆண்டுகளில் 20 லட்சம் கல்லூரி மாணவர்க்குக் கைக்கணினியோ மடிக்கணினியோ வழங்குவதாக அறிவிப்பு வந்தது. முதற்கட்டமாக 2,000 கோடி ரூபாய் ஒதுக்கப்பட்டது. ஒரு பொருளை வாங்கும் தனி மனிதன் கம்பெனியாரிடம் நிபந்தனை போட முடியாது. 2,000 கோடியோடு வருகிறவர் போடலாம்! “சுற்று வரைபடத்தைத் தா, அதை எங்கள் தொழிற்பயிற்சி நிலையங்களில் வைப்போம், உதிரியைத் தனித்தனியே இத்தனை ஆண்டு விற்க வேண்டும், சேமிப்பைப் பலகையில் பற்றவைக்காதே” என்று ஒப்பந்தப்புள்ளியில் நான்கு வரி சேர்த்தால், பணிய மறுத்துப் போகிறவர் எத்தனை பேர் என்று பார்க்கலாமே! மக்கள் பணத்தில் வாங்கும் இயந்திரத்தின் படம் மக்களிடம் இருக்க வேண்டும் என்பது அதிகப்படியான கோரிக்கையா?

அரசுத் தொழிற்பயிற்சி நிலையங்களில் பயிலும் பிள்ளைகளுக்கு அந்தப் படங்களை வைத்துப் பாடம் நடத்தலாம். மாவட்டந்தோறும் பழுதுபட்டுக் கிடக்கும் மாணவர் கணினிகளை அவர்கள் கையாலேயே எழுப்பலாம்; கூலியும் கொடுக்கலாம். இதற்குப் பெரிய ஆலை வேண்டியதில்லை. மல்டிமீட்டர், சூட்டுக்கோல், சூடான காற்று தரும் கருவி, மின் வழங்கி, ஓர் உருப்பெருக்கி, சொல்லித் தரத் தெரிந்த ஓர் ஆசிரியர். அந்த ஆசிரியர் பலர் இன்று மாடிப்படிகளுக்குக் கீழே உட்கார்ந்திருக்கிறார்கள். பட்டம் இல்லை என்று அவர்களைத் தள்ளிவிடாமல் அழைக்க வேண்டும்.

கிளைகள்தோறும் இது பேசப்படட்டும். மாவட்டக் குழுக்கள் தீர்மானமாக எழுதி அனுப்பட்டும். எழுதுமுன் தத்தம் ஊரில் பழுது பார்க்கும் கடையில் அரை மணி நேரம் அமர்ந்து, எந்தெந்தப் பலகைக்குப் படம் கிடைக்கவில்லை, எந்தச் சில்லு விலைக்கு வருவதில்லை என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். அந்தப் பட்டியலைத் தீர்மானத்தோடு இணைத்து அனுப்புங்கள்.