ரொசாலியாவின் மீசை

'டிவோர்ஸ் இத்தாலியன் ஸ்டைல்' (1961) பற்றி சினிமா நண்பர்கள் யாரிடம் வாயைத் திறந்தாலும் ஒரே பதில்தான்: "அது சட்டத்தைக் கிண்டல் பண்ற படம்ங்க." பண்ணுகிறதுதான், யார் இல்லை என்றது? பியத்ரோ ஜெர்மி படமெடுத்தபோது இத்தாலியில் விவாகரத்தே கிடையாது. 1970 டிசம்பரில்தான் வந்தது. ஆனால் தண்டனைச் சட்டத்தில் 587ஆவது பிரிவு இருந்தது. மனைவியையோ மகளையோ சகோதரியையோ கள்ள உறவில் கண்டுபிடித்து, மானம் போன ஆத்திரத்தில் கொன்றால் 3 முதல் 7 வருடம். அவ்வளவுதான்.

சிசிலியில் நொடித்துப்போன பிரபு ஃபெஃபே (மார்செல்லோ மாஸ்த்ரோயானி) இந்தப் பிரிவைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்கிறான். சொந்தக்காரப் பெண் ஆஞ்செலா மேல் அவனுக்கு ஆசை. மனைவி ரொசாலியா போயாக வேண்டும். ஆகவே மனைவிக்கு ஒரு கள்ளக்காதலனை அவனே தேடுகிறான். மென்பொருள்காரனான எனக்கு இந்த இடம் ரொம்பப் பிடிக்கும். சிஸ்டத்தின் ஓட்டையை மேனுவலைப் படித்தே கண்டுபிடிக்கிற ஆள்! தன் வக்கீல் கோர்ட்டில் எப்படி முழங்குவார் என்று மனசுக்குள் அவன் ஓட்டிப் பார்ப்பதெல்லாம் இன்றைக்கும் சிரிப்பை அள்ளுகிறது.

என் சண்டை ரொசாலியாவின் மீசையோடு. அழகிப் போட்டியிலிருந்து சினிமாவுக்கு வந்த டேனியலா ரோக்காவின் மேலுதட்டில் மீசை வரைந்து, புருவங்களை அடர்த்தியாக்கி, ஓயாமல் குழைந்து பேசவைத்திருக்கிறார்கள். அவளை சோப்புக் கொப்பரையில் தள்ளுவதாக, புதைமணலில் விடுவதாக, ராக்கெட்டில் ஏற்றி அனுப்புவதாக ஃபெஃபே கனவு காண்கிறான். நாமும் சிரிக்கிறோம். மீசை இல்லாத ரொசாலியாவுக்கு இப்படிச் சிரித்திருப்போமா? அவள் செய்த குற்றம்தான் என்ன? என்மேல் பிரியமா, பிரியமா என்று புருஷனை நச்சரித்தது. அந்த வீட்டில் காதலைப் பற்றிக் கேட்ட ஒரே ஆள் அவள். "உண்மைக் காதல்" என்று நாம் கொண்டாடுவதோ நாற்பதை நெருங்கும் ஒருவன் பள்ளி வயசுப் பெண்ணை ஜன்னல் வழியாக வெறிப்பதை. படம் வெளியானபோது ஆஞ்செலாவாக நடித்த ஸ்டெஃபானியா சாண்ட்ரெல்லிக்கு 15 வயது.

"எல்லாமே ஃபெஃபேயின் கண் வழியாத்தானே பாக்கிறோம், மீசையும் அவன் பார்வைதான்" என்பார்கள். நல்ல வாதம். நானும் கொஞ்ச நாள் அதை வைத்துக்கொண்டிருந்தேன். ஆனால் படம் அவன் பார்வையை விட்டு வெளியே வருகிற கடைசி இடத்தைப் பாருங்கள். கொலை செய்து, குறைந்த தண்டனையை முடித்து, ஆஞ்செலாவைக் கட்டிக்கொண்டு படகில் போகிறான் ஃபெஃபே. முத்தமிட்டுக்கொண்டே அவள் கால், படகோட்டும் இளைஞனின் காலை வருடுகிறது. இதுதான் ஜெர்மி அவனுக்குத் தரும் தண்டனை. ரொசாலியாவைக் கொன்றதற்காக அல்ல. அவன் பெண்டாட்டி இன்னொருத்தனைப் பார்க்கிறாள் என்பதற்காக அவனைப் பார்த்துச் சிரிக்கிறோம். பெண்டாட்டி கைமீறினால் ஆணின் மானம் போச்சு என்று நம்புகிறவனுக்குத்தான் அந்த ஜோக் புரியும். 587ஆவது பிரிவை எழுதினவனும் அதைத்தான் நம்பினான். 1981இல் அந்தப் பிரிவை எடுத்துவிட்டார்கள். அந்தக் கடைசி ஷாட்டுக்கு மட்டும் தியேட்டரில் இன்னமும் கைதட்டல்.